கூசு நாட்டுப் பெண்ணின் நிறம்

(பொதுக்காலம் 18ஆம் வாரம், செவ்வாய், முதலாம் ஆண்டு. முதல் வாசகம்: எண்ணிக்கை 12:1-13)



நேற்றுத் திருப்பலிக்கு வந்தவர்களுக்கு நினைவிருக்கும். நேற்றைய வாசகத்தில் இஸ்ரயேல் மக்கள் சாப்பாட்டைப் பற்றிப் புலம்பினார்கள். எகிப்தில் தின்ற மீனையும் வெள்ளரிக்காயையும் வெங்காயத்தையும் பூண்டையும் நினைத்து நினைத்துக் கூடார வாசல்களில் உட்கார்ந்து அழுதார்கள். மன்னா சலித்துவிட்டதாம். இன்றைக்கு அடுத்த அதிகாரம். சாப்பாட்டுப் பேச்சு ஓய்ந்து, வீட்டுக்கு வந்த மருமகளைப் பற்றிய பேச்சு ஆரம்பமாகிறது. பாலைவனமானாலும் மனுசர் மனுசர்தான்.

பேச்சை எடுத்தவர் மிரியாம். சாதாரண ஆள் இல்லை. நைல் நதிக்கரை நாணலுக்குள் கூடையில் கிடந்த மூன்று மாதக் குழந்தை மோசேக்குக் காவல் நின்ற அக்கா இவர்தான் என்பது நம் மரபு. பார்வோனின் மகள் கூடையைத் திறந்ததும், பால் கொடுக்க ஓர் ஆளைக் கூட்டி வரட்டுமா என்று துணிந்து கேட்டு, பெற்ற தாயையே கூட்டிக்கொண்டு வந்த கெட்டிக்காரச் சிறுமி. கடலைக் கடந்த அன்று கஞ்சிராவைக் கையில் எடுத்துப் பெண்களையெல்லாம் ஆடவைத்தவர். அப்பேர்ப்பட்டவர், தம்பி கட்டிக்கொண்ட பெண்ணைப் பற்றிக் குறை பேசுகிறார். அந்தப் பெண் கூசு நாட்டுக்காரி. எகிப்துக்குத் தெற்கே, நைல் இறங்கி வரும் வழியில், இன்றைய சூடான் இருக்கும் பகுதி அது. வெயில் தலைக்கு நேர் மேலே நிற்கிற நாடு. அங்கிருந்து வரும் ஆட்களின் கரிய தோல் அந்தக் காலத்திலேயே எல்லாருக்கும் தெரிந்த விஷயம். எரேமியா இறைவாக்கினர் கூட அதை ஓர் உவமைக்கு எடுத்துக்கொள்கிறார்.

ஒன்றை நேர்மையாகச் சொல்லிவிட வேண்டும். மிரியாம் நிறத்தைப் பற்றித்தான் பேசினார் என்று வாசகத்தில் இல்லை. அந்தப் பெண்ணை முன்னிட்டுப் பேசினார் என்பதோடு வாசகம் நின்றுவிடுகிறது. அடுத்த வரியிலேயே, ஆண்டவர் மோசே மூலமாக மட்டும்தான் பேசுவாரா, எங்கள் மூலமாகவும் பேசவில்லையா என்று பதவிச் சண்டையாகிவிடுகிறது. வீட்டுப் பேச்சு அப்படித்தான். உள்ளுக்குள் வேறு ஏதோ ஆற்றாமை இருக்கும். அதைக் கொட்டித் தீர்க்க ஒரு மருமகள் அகப்படுவாள். ஆனாலும் எழுதியவர் சும்மா எழுதவில்லை. ஆண்டவர் இறங்கிவந்த மேகம் விலகியதும் மிரியாமின் மேனி பனி போல வெளுத்துக் கிடந்தது என்று எழுதுகிறார். கரிய பெண்ணைக் குறை பேசியவருக்கு வெளுத்த தோல். இதைப் படித்துவிட்டு அந்தக் காலத்து வாசகர் ஒருவராவது சிரித்திருப்பார்.

(இங்கே ஒரு வார்த்தை. நம்மிடையே வெண்புள்ளி உள்ளவர்கள் இருக்கிறார்கள். அது தண்டனையும் இல்லை, தொழுநோயும் இல்லை, தொட்டால் ஒட்டுவதும் இல்லை. தோலில் நிறம் தயாரிக்கும் செல்கள் சில இடங்களில் இல்லாமல் போவதால் வருவது. இந்த வாசகத்தைக் காட்டி யாராவது அவர்களிடம் ஏதாவது சொன்னால், என்னிடம் அனுப்புங்கள்.)

ஆனால் இன்று என்னைப் பிடித்து நிறுத்திய வரி இது எதுவும் இல்லை. அண்ணன் ஆரோன் தம்பி மோசேயிடம் கெஞ்சுகிறார் அல்லவா, அந்த இடம். அக்கா இப்படிக் கிடக்க விடாதே என்பவர், எதைக் காட்டிச் சொல்கிறார்? தாயின் வயிற்றிலேயே இறந்து, சதை பாதி அழிந்து வெளியே வரும் சிசுவைக் காட்டி. தோலைப் பற்றிப் பேச வந்தவருக்கு நாக்கில் வந்தது கருவறை. அவருக்கு மரபணுவும் தெரியாது, வைட்டமினும் தெரியாது. ஆனால் கடந்த ஐம்பது ஆண்டு ஆராய்ச்சி தோலையும் கருவறையையும்தான் அருகருகே கொண்டுவந்து வைத்திருக்கிறது. மனிதத் தோலின் நிறம் ஏன் இப்படி அமைந்தது என்று கேட்டுக்கொண்டே போனால், கடைசியில் போய் நிற்பது வயிற்றில் இருக்கும் பிள்ளையிடம்.

அதைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறேன். பேதுரு கடல்மேல் நடந்த நற்செய்தியை விட்டுவிடுகிறேன். எதிர்க்காற்றையும் படகையும் பற்றி இந்தக் கடற்கரையில் நின்று பிரசங்கம் செய்யும் துணிவு எனக்கில்லை.

எல்லாரும் உள்ளங்கையைத் திருப்பிப் பாருங்கள். எவ்வளவு கறுத்தவருக்கும் அது வெளிறித்தான் இருக்கும். புறங்கைக்கும் உள்ளங்கைக்கும் நடுவே அந்த ஓரக்கோடு எவ்வளவு தெளிவாக இருக்கிறது பாருங்கள். நிறம் தருவது மெலனின் என்ற பொருள். அதைத் தயாரிக்கும் செல்கள் நார்வேக்காரருக்கும் நைஜீரியாக்காரருக்கும் ஏறக்குறைய ஒரே எண்ணிக்கையில்தான் இருக்கின்றன. எவ்வளவு தயாரிக்கின்றன, எந்த வகை, எப்படிப் பரப்புகின்றன என்பதில்தான் வித்தியாசம். தயாரான மெலனின் துணுக்குகள் பக்கத்துச் செல்களுக்குள் போய், அங்கே நடுவில் இருக்கும் உட்கருவுக்கு மேலாகக் கூடிக் குடை போலக் கவிந்துகொள்கின்றன. வெயில் வரும் பக்கமாகப் பார்த்துத்தான் கவிகின்றன. உருப்பெருக்கியில் பார்த்தவர்களுக்கு இது தெரியும்.

இன்னொன்றும் பாருங்கள். கைக்கடிகாரம் கட்டுகிறவர்கள் அதைக் கழற்றினால் உள்ளே ஒரு வெளிர்ப் பட்டை இருக்கும். கடலுக்குப் போகிற அண்ணன்மார்களுக்குச் சட்டைக்கை முடிகிற இடத்தில் அதே கோடு. அது வெயிலில் கறுப்பது. அந்தக் கறுப்பு பிள்ளைக்குப் போகாது. முப்பது வருடம் கடலில் வெயில் காய்ந்தவர் பெற்ற பிள்ளையும், குளிரூட்டிய அறையில் உட்கார்ந்து வேலை பார்க்கும் அவர் தம்பி பெற்ற பிள்ளையும், அந்தக் காரணத்துக்காக நிறத்தில் வேறுபடப் போவதில்லை. ஆகவே நம் முன்னோர் வெயிலில் நின்று நின்று கறுத்துப்போனார்கள், அதனால் நாமும் கறுப்பு என்று சொல்வது சரியில்லை. நடந்தது வேறு. அதைச் சொல்ல எனக்குக் கொஞ்சம் தயக்கம் உண்டு. ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

குட்டிச் சிம்பன்சியின் ரோமத்தை விலக்கிப் பார்த்தால் உள்ளே தோல் வெளிறியிருக்கும். நம் மூதாதையருக்கும் தொடக்கத்தில் அப்படித்தான் இருந்திருக்கும் என்று கருதுகிறார்கள். ஆப்பிரிக்கப் புல்வெளியில் பகல் முழுக்க நடந்தும் ஓடியும் பிழைக்க வேண்டி வந்தபோது, உடம்பு வியர்த்து ஆற வேண்டும். ரோமம் குறைந்தது. நிலநடுக்கோட்டு வெயிலுக்குக் கீழே வெற்றுத் தோல் நின்றது. வெயிலில் இருக்கும் புற ஊதாக் கதிர் தோலைச் சுடும், நாளாவட்டத்தில் புற்றுநோயும் வரவழைக்கும். ஆனால் தோல் புற்றுநோய் பெரும்பாலும் பிள்ளைகளைப் பெற்று வளர்த்த பிறகு வருவது. அதற்குள் சந்ததி வந்துவிட்டிருக்கும். அது மட்டுமே ஓர் இனத்தின் நிறத்தை மாற்றிவிடாது. அப்படியானால் வேறு எது?

1978இல் ரிச்சர்ட் பிராண்டா, ஜான் ஈட்டன் என்ற இருவர் ஒரு சோதனை செய்தார்கள். மனித இரத்தத்தின் நீர்ப்பகுதியை எடுத்து, பலத்த வெயிலுக்கு ஒப்பான விளக்கொளியில் வைத்தார்கள். ஒரு மணி நேரத்துக்குள் அதிலிருந்த ஃபோலேட்டில் 30 முதல் 50 விழுக்காடு அழிந்துபோனது. ஃபோலேட் என்பது கீரையிலும் பயறிலும் கிடைக்கும் சத்து. செல்கள் பெருகும் இடமெல்லாம் அது வேண்டும். கரு உண்டாகிப் பிள்ளையின் மூளையும் தண்டுவடமும் உருவாகும் நேரத்தில் அது குறைந்தால், தண்டுவடம் சரியாக மூடிக்கொள்ளாது. அது மூடிக்கொள்வது கரு உண்டாகி 28 நாளுக்குள். தான் உண்டாகியிருக்கிறோம் என்று தாய்க்கே தெரியுமுன் முடிந்துவிடும் வேலை.

அமெரிக்காவின் மானிடவியலாளர் நினா யப்லோன்ஸ்கியும் அவருடைய கணவர் ஜார்ஜ் சாப்ளினும் இந்த நூலைப் பிடித்துக்கொண்டு போனார்கள். பூமியில் எந்த இடத்தில் எவ்வளவு புற ஊதாக் கதிர் விழுகிறது என்று நாசாவின் செயற்கைக்கோள் அளந்து வைத்திருந்தது. அதை எடுத்து, அந்தந்த இடத்துப் பழங்குடிகளின் தோல்நிற அளவுகளோடு பொருத்திப் பார்த்தார்கள். இரண்டும் ஏறக்குறைய அச்சாகப் பொருந்தின. 2000ஆம் ஆண்டில் வெளியிட்டார்கள். அவர்கள் முடிவு இதுதான்: கரிய தோல், தாயின் இரத்தத்தில் ஓடும் ஃபோலேட்டை வெயிலிடமிருந்து காக்கிறது. கரிய நிறம் முதன்மையாகத் தன்னைக் காத்துக்கொள்ள வந்ததில்லை, வரப்போகும் பிள்ளைக்காக வந்தது.

சரி, வெள்ளைக்காரர் எப்படி வெளுத்தார்? அங்கேயும் பிள்ளைதான். வடக்கே போகப் போக வெயில் சாய்ந்து விழுகிறது. குளிர்காலத்தில் பல மாதம், வைட்டமின் டி தயாரிக்க வேண்டிய கதிர் தரைக்கே வந்து சேர்வதில்லை. கரிய தோலுக்கு அங்கே கிடைக்கிற கொஞ்ச வெயில் போதாது. வைட்டமின் டி இல்லாவிட்டால் உண்ணும் சுண்ணாம்புச் சத்து எலும்பில் ஏறாது. பிள்ளைகளுக்குக் கால் வளைந்துவிடும். ரிக்கெட்ஸ் என்பார்கள். பெண்பிள்ளைக்கு இடுப்பெலும்பும் குறுகிப்போகும். அவள் வளர்ந்து பிள்ளை பெறும் நேரத்தில் தாயும் போவாள், பிள்ளையும் போகும். புகை மண்டிய இங்கிலாந்தின் ஆலை நகரங்களில் 19ஆம் நூற்றாண்டில் வெள்ளைக்காரப் பிள்ளைகளுக்கே இது வந்தது. வெளுத்த தோல் இருந்து என்ன, வெயில் சந்துக்குள் நுழைந்தால்தானே?

இதற்கு இரண்டு மருந்து இருந்தன. ஒன்று காட் மீனின் ஈரல் எண்ணெய். இன்னொன்றை 1919இல் பெர்லினில் குர்ட் ஹுல்ட்சின்ஸ்கி என்ற மருத்துவர் காட்டினார். போருக்குப் பின் பட்டினி கிடந்த பிள்ளைகள். பாதரச விளக்கின் புற ஊதா ஒளியை அவர்கள்மேல் பாய்ச்சினார். எலும்பு தேறியது. ஒரு கையில் மட்டும் ஒளி பட வைத்தபோது, படாத மறுகையும் சேர்ந்து தேறியது. அப்படியானால் தோலில் ஏதோ தயாராகி இரத்தத்தில் ஓடுகிறது என்று புரிந்தது. மீன் எண்ணெயும் வெயிலும் ஒரே வேலையைச் செய்கின்றன. வைட்டமின் டி தோலில் விழும் வெயிலில் தயாராகலாம், இல்லாவிட்டால் தட்டில் விழும் மீனிலிருந்து வரலாம்.

மீன் தின்கிறவர்களுக்கு இந்த இடம் இனிக்கும். வடதுருவத்தை ஒட்டி வாழும் இனுவிட் மக்களைப் பாருங்கள். அவ்வளவு வடக்கே இருந்தும் அவர்கள் பால் வெள்ளையாக இல்லை. மீனும் சீலும் திமிங்கிலமும் அவர்கள் சாப்பாடு. வெயில் தராததைச் சாப்பாடு தந்துவிடுகிறது. பனியில் பட்டுத் திரும்பும் கதிரும் கண்ணைக் கூசவைக்கும் அளவு. ஆகவே நிறம் வெளுக்க வேண்டிய நெருக்கடி அவர்களுக்கு வரவில்லை. இப்போது அவர்கள் கடைச் சாப்பாட்டுக்கு மாறி வருகிறார்கள். வைட்டமின் டி குறைபாடும் கூடவே வருகிறது.

இங்கிலாந்தின் சாமர்செட்டில் ஒரு குகையில் 1903இல் ஓர் எலும்புக்கூடு கிடைத்தது. ஏறக்குறைய 10,000 ஆண்டுப் பழமை. செடார் மனிதன் என்று பெயர். அதன் மரபணுவைப் படித்து 2018இல் அறிவித்தார்கள். அவருக்குக் கரும்பழுப்புத் தோலும் நீலக் கண்ணும் இருந்திருக்கவே வாய்ப்பு அதிகம். இங்கிலாந்துக்காரர்! வேட்டையாடியும் மீன்பிடித்தும் வாழ்ந்தவர்கள். அத்தீவுக்கு விவசாயம் வந்தது சுமார் 6,000 ஆண்டுகளுக்கு முன்பு. இன்றைய துருக்கிப் பக்கத்திலிருந்து தலைமுறை தலைமுறையாக நகர்ந்து வந்த உழவர்கள், வெளிர் தோலுக்கான மரபணுக்களையும் கூடவே கொண்டுவந்தார்கள். கோதுமையிலும் பார்லியிலும் வைட்டமின் டி கிடையாது. மீனும் இறைச்சியும் குறைந்து தானியம் கூடிய சாப்பாட்டில், வடக்கத்திய மங்கிய வெயிலில், வெளுத்த தோல்காரர்களின் பிள்ளைகள் கூடுதலாகப் பிழைத்தார்கள் என்று ஆய்வாளர் பலர் கருதுகிறார்கள். ஐரோப்பியரின் வெண்மையில் ஒரு பங்கு ரொட்டியால் வந்தது என்று சொன்னால், முழுக்கத் தப்பாகாது.

2005இல் அமெரிக்காவின் பென்சில்வேனியாவில் கீத் செங் என்பவரின் ஆய்வுக்குழு ஒரு சின்ன மீனை வைத்து இன்னொன்றைக் கண்டுபிடித்தது. உடம்பில் நீளவாக்கில் கோடு போட்ட வரிமீன். கண்ணாடித் தொட்டியில் வளர்ப்பார்கள், நம் தெற்காசிய ஓடைகளைச் சேர்ந்தது. அதில் கோடு மங்கிய ஒரு வகை உண்டு. அந்த மங்கலுக்குக் காரணமான மரபணு மனிதரிடமும் இருக்கிறது. அதில் ஒரே ஓர் எழுத்து மாறியிருந்தால் தோல் வெளுக்கிறது. ஐரோப்பியருக்கும் ஆப்பிரிக்கருக்கும் இடையே உள்ள நிற வித்தியாசத்தில் கால் பங்குக்கு மேல் இந்த ஓர் எழுத்தால் வருவது. 2013இல் ஹைதராபாத் விஞ்ஞானிகளும் சேர்ந்து செய்த ஆய்வில், அதே மாற்றம் இந்தியாவிலும் பரவலாக இருப்பது தெரிந்தது. இங்கே அதை உடையவர்களும் ஐரோப்பாவில் அதை உடையவர்களும் ஒரே மூதாதையிடமிருந்து அதைப் பெற்றவர்கள். ஒரே வீட்டில் அக்கா மாநிறமும் தங்கை சிவப்புமாக இருப்பதற்கு இப்படிச் சில எழுத்துகள் சீட்டுக் குலுக்கலில் விழுந்ததுதான் காரணம். பிள்ளை யாரைக் கொண்டு பிறந்தது என்று வீட்டில் சண்டை போடுகிறவர்கள் தயவுசெய்து இதைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

இதையெல்லாம் கோவிலில் பேசலாமா ஃபாதர் என்று சிலர் முகத்தில் தெரிகிறது. பேசலாம். 1950இல் திருத்தந்தை பன்னிரண்டாம் பயஸ், ஆன்மாவைக் கடவுளே நேரடியாகப் படைக்கிறார் என்பதை உறுதியாகச் சொல்லிக்கொண்டே, மனித உடலின் தோற்றத்தை அறிவியல் ஆராய்வதற்குத் தடையில்லை என்றார். 1996இல் புனித இரண்டாம் யோவான் பவுல், பரிணாமம் வெறும் கருதுகோள் என்ற நிலையைத் தாண்டிவிட்டது என்று திருப்பீட அறிவியல் கழகத்துக்கு எழுதினார். மண்ணைப் பிசைந்தவர் எவ்வளவு நேரம் பிசைந்தார் என்று தொடக்கநூல் கணக்குச் சொல்லவில்லை.

தயக்கம் என்று சொன்னேனே, அதற்கு வருகிறேன். இயற்கைத் தேர்வு என்று எளிதாகச் சொல்லிவிடுகிறோம். தேர்வு என்றால் தேறாதவர்களும் உண்டு. கரிய தோல் நிலைத்தது என்றால், வெளிறிய தோல் உடைய தாய்மார் பலர் பிள்ளையை இழந்தார்கள் என்று அர்த்தம். வடக்கே வெளிர் தோல் நிலைத்தது என்றால், பிரசவத்தில் செத்தவர்கள் எத்தனையோ பேர். அவர்களுக்குப் பெயர் இல்லை, கல்லறை இல்லை. நம் ஒவ்வொருவர் தோலுக்குப் பின்னாலும் அந்த அழுகை இருக்கிறது. இதற்குச் சர்க்கரை தடவி உங்களுக்குக் கொடுக்க எனக்கு மனமில்லை. கல்வாரியில் தாய் பார்த்துக்கொண்டு நிற்க மகன் செத்த ஒரு வரலாற்றை நம்புகிறவர்கள் நாம். பிள்ளையைப் பறிகொடுத்த அந்தப் பெயரில்லாத தாய்மாரையும் அந்தத் தாய் அருகே நிறுத்திப் பார்க்கத்தான் என்னால் முடிகிறது. அதற்கு மேல் விளக்கம் சொன்னால் அது என் சொந்தச் சரக்கு.

இவ்வளவு விலை கொடுத்து வந்த நிறத்தை நாம் என்ன செய்கிறோம்?

பிரசவ அறை வாசலில் நில்லுங்கள். கதவு திறந்ததும் முதல் கேள்வி, ஆணா பெண்ணா. அடுத்த கேள்வி, தாய் நல்லாயிருக்காளா என்பது இல்லை. என்ன கலரு? பிறந்த பிள்ளையின் காது மடலைத் திருப்பிப் பார்ப்பார்கள், நகக்கண்ணைப் பார்ப்பார்கள், இதுதான் நிலைக்கப் போகிற நிறம் என்று தீர்ப்புச் சொல்வார்கள். பெண்பிள்ளையாக இருந்துவிட்டால் அப்போதே கல்யாணச் செலவைக் கணக்குப் போடுகிறவர்களும் உண்டு. பிள்ளையைக் காக்க வந்த நிறத்தைக் காட்டியே பிள்ளையைக் கழித்துப் பேசுகிறோம்.

நம் ஊர்த் துணை சுகாதார நிலையத்துச் செவிலியர் அக்கா ஒருநாள் என்னிடம் சொன்னது. உண்டாகியிருக்கும் ஒரு பெண்ணைப் பார்க்கப் போயிருக்கிறார். கொடுத்த சிவப்பு மாத்திரை அட்டை அப்படியே பிரிக்காமல் இருக்கிறது.

“ஏம்மா, ஒண்ணு கூடப் போடலியா?”

“மாமி வேண்டாம்னுட்டாங்க அக்கா. இரும்பு மாத்திரை போட்டா பிள்ளை கறுப்பாப் பொறக்குமாம்.”

அந்த மாத்திரையில் இருப்பது 60 மில்லிகிராம் இரும்பும் 500 மைக்ரோகிராம் ஃபோலிக் அமிலமும். எந்தச் சத்தைக் காக்க நம் தோல் கறுத்ததோ அதே சத்தைத் தன்னுள் வைத்திருக்கும் மாத்திரை, பிள்ளை கறுத்துவிடும் என்ற பயத்தில் அலமாரியில் கிடக்கிறது. இரும்பு மாத்திரை போட்டால் மலம் கறுப்பாகப் போகும், அது உண்மை. அதைப் பார்த்து யாரோ கட்டிய கணக்காக இருக்கலாம். பிள்ளையின் நிறத்துக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. குங்குமப்பூவும் அப்படித்தான். பாலில் போட்டுக் குடித்தால் பால் மணக்கும், பணம் கரையும். பிள்ளையின் நிறம் கரு உண்டான அன்றே பெற்றோர் இருவரின் மரபணுவில் எழுதியாகிவிட்டது. குங்குமப்பூ வாங்கும் பணத்துக்கு முருங்கைக்கீரையும் பயறும் சாளையும் அயிலையும் வாங்கி அந்தப் பெண்ணுக்கு ஆக்கிப் போடுங்கள். மாத்திரையை இரண்டாவது மூன்று மாதத்திலிருந்து நாள் தவறாமல் 180 நாள் விழுங்க வேண்டும். முதல் மூன்று மாதத்துக்கு ஃபோலிக் அமிலம் தனியாகத் தருவார்கள். அதற்காகத்தான் நாள் தள்ளியதுமே போய்ப் பதியச் சொல்கிறார்கள்.

வெயிலுக்கும் இதே கதை. கடற்கரையில் பிறந்த பெண்பிள்ளைகளை, கறுத்துவிடுவாய் என்று வீட்டுக்குள்ளேயே வைக்கிறோம். நிலநடுக்கோட்டிலிருந்து எட்டு பாகை தூரத்தில் இருந்துகொண்டு வைட்டமின் டி குறைவு என்று மருத்துவரிடம் போய் நிற்கிறோம். காலை ஆறு மணி வெயிலில் நின்றால் போதும் என்று பத்திரிகையில் படித்துவிட்டு நிற்கிறவர்களுக்கும் சொல்கிறேன், சாய்ந்த வெயிலில் அந்தக் கதிர் மிகக் குறைவு. நண்பகலை ஒட்டிய வெயில் கையிலும் காலிலும் கொஞ்ச நேரம் பட வேண்டும். கரிய தோலுக்கு வெளிர் தோலைவிடக் கூடுதல் நேரம் தேவை. அடுப்படியிலிருந்து கொல்லைப்புறத்துக்குப் போகவும் பயந்தால் எப்படி?

முகத்தை வெளுக்க வைக்கும் களிம்புகளைப் பற்றி ஒன்றே ஒன்று. மலிவாகக் கிடைக்கும் சிலவற்றில் பாதரசம் கலந்திருக்கிறது. பாதரசம் மெலனின் தயாராவதைத் தடுக்கும், அதனால் கொஞ்ச நாள் வெளுப்பு தெரியும். அது தோல் வழியாக உள்ளே போய் சிறுநீரகத்தில் தங்கும். 2023இல் நமக்குப் பக்கத்தில், கேரளத்து மலப்புறத்தில், இப்படிப்பட்ட களிம்பு பூசியவர்களுக்குச் சிறுநீரக நோய் வந்ததை மருத்துவர்கள் கண்டறிந்தார்கள். அவர்களில் இளம்பெண்கள் இருந்தார்கள்.

ஊரை மட்டும் குறை சொல்லிவிட்டுத் திருஅவை தப்பித்துக்கொள்ள முடியாது. நோவா சபித்தது கானானை. தொடக்கநூலின் அந்த அதிகாரத்தில் தோலின் நிறம் என்று ஒரு சொல்கூட இல்லை. ஆனாலும் கறுப்பினத்தாரை அடிமையாக்கியவர்களுக்கு அந்தப் பக்கத்தைத் திறந்துகொடுத்த பிரசங்கிகள் நூற்றாண்டுக் கணக்கில் இருந்தார்கள். புனித மார்ட்டின் தெ போரஸை எடுத்துக்கொள்ளுங்கள். 1579இல் பெரு நாட்டின் லீமாவில் பிறந்தவர். தகப்பன் ஸ்பானிய உயர்குடி. தாய் ஆனா, அடிமைத்தளையிலிருந்து விடுதலை பெற்ற கறுப்பினப் பெண். பிள்ளை தாயின் நிறத்தைக் கொண்டு பிறந்தது தகப்பனுக்குப் பிடிக்கவில்லை என்று அவர் வரலாற்றை எழுதியவர்கள் சொல்கிறார்கள். ஞானஸ்நானப் பதிவேட்டில் தகப்பன் யாரென்று தெரியவில்லை என்று எழுதப்பட்டது. அங்கேயும் பிரசவ அறை வாசலில் அதே கேள்விதான் கேட்கப்பட்டது. பிறகு சாமிநாதர் சபை மடத்தில் சேரப் போனபோது, ஆப்பிரிக்க இரத்தம் உள்ளவர் முழு உறுப்பினராக முடியாது என்ற சட்டம். பணியாளாகச் சேர்ந்தார். தரை கூட்டினார், முடி வெட்டினார், புண்ணுக்குக் கட்டுப் போட்டார், தெருநாய்க்கும் சோறு வைத்தார். வார்த்தைப்பாடு கொடுக்கப் பின்னால் அனுமதித்தார்கள். அவர் இறந்தது 1639இல். புனிதர் என்று அறிவித்தது 1962இல். மூன்று ஆண்டுகள் கழித்து, இரண்டாம் வத்திக்கான் சங்கம் நிறத்தை வைத்து மனிதரைப் பாகுபடுத்துவது கடவுளின் திட்டத்துக்கு எதிரானது என்று எழுதி வைத்தது. நமக்கு மெதுவாகத்தான் புத்தி வருகிறது.

வாசகத்துக்குத் திரும்புகிறேன். இன்று வாசித்தது 13ஆம் வசனத்தோடு நின்றுவிட்டது. தன் மனைவியைக் குறை பேசிய அக்காவுக்காக மோசே ஒரே வரியில் செபிக்கிறார். வேதாகமத்திலேயே மிகச் சின்ன செபங்களில் ஒன்று. வீட்டுக்குப் போய் அடுத்த இரண்டு வசனத்தையும் வாசியுங்கள். மிரியாம் ஏழு நாள் பாளையத்துக்கு வெளியே இருக்கிறார். அவர் திரும்பி வரும்வரை அத்தனை மக்களும் கூடாரத்தைப் பிரிக்கவில்லை, ஓர் அடி நகரவில்லை. கூசு நாட்டுப் பெண்ணும் அந்த ஏழு நாள் அங்கேதான் காத்திருந்திருப்பார். நாத்தனார் திரும்பி வந்ததும் இரண்டு பேரும் என்ன பேசிக்கொண்டார்கள் என்று எழுதியவர் சொல்லவில்லை.

அதனால் நான் மாமிமாரையும் பாட்டிமாரையும் திட்டுவதற்காக இதைச் சொல்லவில்லை. இந்த ஊரில் பிள்ளைகளை வெயிலிலும் மழையிலும் இடுப்பில் தூக்கி வளர்த்தவர்கள் நீங்கள்தான். கூடைக்குக் காவல் நின்றவர்களும் நீங்கள்தான். உண்டாகியிருக்கும் பெண் உங்கள் பேச்சைத்தான் கேட்பாள், என் பேச்சையும் செவிலியர் பேச்சையும் கேட்க மாட்டாள். ஆகவே உங்களிடம் கேட்கிறேன்.

திருப்பலி முடிந்து, புனித அந்தோனியார் நவநாள் தொடங்குமுன், கருவுற்றிருக்கும் சகோதரிகள் பலிபீடத்துக்கு முன்னால் வாருங்கள், ஆசீர் கொடுப்போம். தனியாக வர வேண்டாம். மாமியாரோ அம்மாவோ கூட வந்து தோளில் கைவைத்து நிற்க வேண்டும். செவிலியர் அக்கா நவநாள் முடியும்வரை கெபிப் பக்கம் உட்கார்ந்திருப்பார். மாத்திரை தீர்ந்தவர்களும், பிரிக்காமல் வைத்திருப்பவர்களும் போய்ப் பாருங்கள். அவர் யாரையும் ஏச மாட்டார், என்னிடம் சொல்லிவிட்டுத்தான் வந்திருக்கிறார்.

எழுந்து நிற்போம். மன்றாட்டுகளைத் தொடங்குவோம்.